விசு: வசனம் எழுதியவர் முன்னால் வந்து நின்றபோது

கொல்லைமாமரம் (இழையைத் தொடங்கியவர்)

போன ஞாயிற்றுக்கிழமை அம்மாவோடு உட்கார்ந்து 'நெற்றிக்கண்' பார்த்தேன். 1981-இல் வந்த படம். எஸ்.பி. முத்துராமன் இயக்கம், ரஜினிக்கு அப்பா, மகன் என்று இரண்டு வேடம். எழுதியவர் விசு என்று தெரிந்ததும் எனக்கு ஒரே ஆச்சரியம். விசு என்றாலே ஒரே மூச்சில் பேசித் தள்ளும் வீட்டுப் பெரியவர் முகம்தான் எனக்கு நினைவுக்கு வரும். சன் டிவியின் அரட்டை அரங்கம் பார்த்து வளர்ந்தவன் நான். பெண்பித்துப் பிடித்த ஒரு பணக்கார அப்பாவை அவர் மகனே வழிமறித்துத் திருத்துகிற இப்படி ஒரு கதையை அவர் எழுதியிருப்பார் என்று நான் நினைத்ததே இல்லை.

அதிலிருந்து மனதில் ஒரு கேள்வி. நடிகர் விசு, எழுத்தாளர் விசுவை மறைத்துவிட்டாரா? அவர் நடிக்க வராமலே இருந்திருந்தால் தமிழ் சினிமாவின் பெரிய வசனகர்த்தாக்கள் வரிசையில் அவர் பெயரை இன்னும் சத்தமாகச் சொல்லியிருப்போமா? விஷயம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

---

சபாக்காரன்

தம்பி, கேள்வி நல்ல கேள்வி. ஆனால் அவர் நடிக்க 'வந்தார்' என்று சொல்வதில் ஒரு சிக்கல் இருக்கிறது. சினிமாவுக்கு வருவதற்கு முன்பே மேடையில் எழுதி, இயக்கி, நடித்துக்கொண்டிருந்தவர் அவர். சினிமாவில்தான் எழுத்து முதலில் போனது, முகம் பின்னால் போனது.

வரிசையைச் சொல்கிறேன். அவருடைய மேடை நாடகமான 'பட்டினப் பிரவேசம்' 1977-இல் கே. பாலசந்தர் கையில் படமானது. கிராமத்திலிருந்து சென்னைக்கு வந்த ஒரு குடும்பம் கொஞ்சம் கொஞ்சமாகச் சிதறும் கதை. டெல்லி கணேஷ் சினிமாவுக்கு வந்தது அந்தப் படத்தில்தான். 'வான் நிலா நிலா அல்ல' பாட்டு எல்லோருக்கும் தெரியும், அந்தப் படத்தின் கதை யாருடையது என்று கேட்டால் பத்தில் ஒன்பது பேர் பாலசந்தர் என்பார்கள். அடுத்து 1981-ஐப் பாருங்கள். 'தில்லு முல்லு'வுக்கு வசனம், 'நெற்றிக்கண்', அவருடைய நாடகத்திலிருந்து வந்த 'கீழ்வானம் சிவக்கும்', மறுபடி நாடகத்திலிருந்து 'குடும்பம் ஒரு கதம்பம்'. ஒரே வருஷத்தில் நான்கு படம். அந்த நான்காவது படத்தில்தான் விசு முதன்முதலாகத் திரையில் நடித்தார். மறு வருஷமே 'கண்மணி பூங்கா'வும் 'மணல் கயிறு'ம், இரண்டும் அவரே இயக்கியவை.

நான் ஆபீஸ் மனமகிழ் மன்றத்தில் இருபது வருஷம் நாடகம் போட்டவன். அந்த அனுபவத்தில் ஒன்று சொல்ல வேண்டும். சபா நாடகம் என்றால் பெரும்பாலும் ஒரு ஹால் செட்டிங், மேலே தொங்குகிற இரண்டு மூன்று மைக், கடைசி வரிசையில் காது மந்தமான ஒரு மாமா. அவ்வளவுதான் கையிருப்பு. முகத்தில் காட்டும் நுணுக்கம் ஐந்தாம் வரிசையைத் தாண்டாது. அதனால் எழுதுகிறவன் எல்லாவற்றையும் வாய்ப்பேச்சில்தான் வைத்தாக வேண்டும். கோபம், வெட்கம், பொய், பாசம், எல்லாமே பேச்சு. சிரிப்பு எங்கே வரும், அது அடங்க எவ்வளவு நேரம் விட வேண்டும் என்பதெல்லாம் எழுதும்போதே மனதில் ஓட வேண்டும். விசு அந்தப் பட்டறையில் பழுத்தவர். ஒரு சொல்லை எடுத்து நாலு பக்கமும் திருப்பிப் போட்டு, கேட்கிறவர் தலை சுற்றும் நேரத்தில் அர்த்தத்தைக் கொண்டுவந்து இறக்குவார். அந்த மாதிரி வாக்கியத்தைத் தப்பில்லாமல், மூச்சு முட்டாமல் சொல்ல யாரால் முடியும்? எழுதினவனுக்குத்தான் அது எங்கே மடியும் என்று தெரியும். அவர் நடிக்க வந்ததற்கு இதுவே பாதிக் காரணம் என்று நான் நினைக்கிறேன்.

---

மூன்றாம்வரிசை

சபாக்காரன் சார், உங்கள் அனுபவத்துக்கு மரியாதை. ஆனாலும் நான் எதிர்ப்பக்கம்தான்.

அவர் எழுத்தில் எனக்கு மிகவும் பிடித்தவை மற்றவர்கள் இயக்கியவை. 'தில்லு முல்லு' இந்தி 'கோல்மால்' படத்தின் மறு ஆக்கம். மூலக்கதை தயாராக இருக்கிறது, திரைக்கதை பாலசந்தர் பார்த்துக்கொள்கிறார், விசுவின் வேலை அதைத் தமிழாகப் பேசவைப்பது. ரஜினி வேலைக்கான நேர்முகத்துக்குப் போய் 'அய்யம்பேட்டை அறிவுடைநம்பி கலியபெருமாள் சந்திரன்' என்று தன் பெயரைச் சொல்லும் இடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த நீட்டலில் தஞ்சாவூர்ப் பக்கத்து ஊர் இருக்கிறது, தாத்தா அப்பா வரிசை இருக்கிறது, தேங்காய் சீனிவாசன் எப்படிப்பட்ட முதலாளி என்பதைக் கணித்துவிட்ட ஒரு பையனின் கெட்டிக்காரத்தனம் இருக்கிறது. முழுப் பெயரைச் சொல்லும் உத்தி இந்தியிலும் உண்டு. ஆனால் நம் படத்தைப் பார்க்கிறவனுக்கு அது மொழிமாற்றம் என்று தோன்றவே தோன்றாது. எழுத்துக்காரனின் வேலை என்றால் இதுதான்.

அவரே இயக்கி அவரே நடித்த பிறகு என்ன ஆனது? எல்லோரும் ஹாலில் வரிசையாக நின்று பேசுகிறார்கள். கேமரா அசைவதே இல்லை. கடைசியில் அவர் வந்து பத்து நிமிடம் புத்தி சொல்கிறார். தொங்கும் மைக் என்று நீங்கள் சொன்னீர்களே, அந்த மைக் அவர் படங்களில் கடைசிவரை தொங்கிக்கொண்டேதான் இருந்தது. சினிமாவில் குளோசப் என்று ஒன்று இருக்கிறது. ஒரு பார்வையில் முடிகிற விஷயத்துக்கு ஒரு பக்க வசனம் எதற்கு?

---

ராதா கோவை

மூன்றாம்வரிசை அண்ணா, கேமரா பற்றி நீங்கள் சொன்னதை மறுக்கமாட்டேன். ஆனால் அவர் எந்த மாதிரி வேடத்தைத் தனக்கு எழுதிக்கொண்டார் என்று பார்த்தீர்களா? இந்த இழையில் யாராவது சொல்வார்கள் என்று காத்திருந்தேன்.

'மணல் கயிறு' எடுத்துக்கொள்ளுங்கள். எஸ்.வி. சேகர் கிட்டுமணி. பெண் தேட எட்டு நிபந்தனை போடுகிறான். விசு, நாரதர் நாயுடு. அந்த நிபந்தனைகளுக்குப் பொருந்தவே பொருந்தாத ஒரு பெண்ணை, எட்டுக்கும் பொருந்துகிறவள் என்று நம்பவைத்துக் கல்யாணம் முடித்துவைக்கிறார். யோசித்துப் பாருங்கள், நாயுடு அங்கே செய்வது என்ன வேலை? ஒவ்வொருவருக்கும் ஒரு வேடம் கொடுக்கிறார். யார் எங்கே என்ன சொல்ல வேண்டும் என்று சொல்லிக்கொடுக்கிறார். எது எப்போது வெளியே வர வேண்டும், எது வரக்கூடாது என்று கணக்குப் போடுகிறார். அது கதை எழுதுகிறவனின் வேலை! படத்துக்கு வெளியே மேஜையில் உட்கார்ந்து விசு என்ன செய்தாரோ, அதையே படத்துக்குள் நாயுடு செய்கிறார். நாரதர் கலகம் நன்மையில் முடியும் என்று நம் ஊரில் சொல்வதை அப்படியே ஆளாக்கி, அந்த ஆளாகத் தானே நின்றார்.

அதனால் நடிகர் எழுத்தாளரை மறைத்தார் என்று எனக்குத் தோன்றவில்லை. திரையில் நாம் பார்த்ததே அந்த எழுத்தாளரைத்தான்.

---

மூன்றாம்வரிசை

ராதா, இதை நான் யோசித்ததில்லை, ஒப்புக்கொள்கிறேன். 'மணல் கயிறு' வரைக்கும் உங்கள் வாதம் கச்சிதமாக நிற்கிறது. ஆனால் இதுவே எனக்கு இன்னொரு கேள்வியைக் கிளப்புகிறது. எழுத்தாளரே கதைக்குள் உட்கார்ந்து எல்லாக் கயிறுகளையும் இழுத்தால், மற்ற பாத்திரங்கள் பொம்மைகள்தானே? குறிப்பாகப் பெண்கள். எண்பதுகளின் அந்தக் குடும்பப் படங்களில் மாமியார், மருமகள், வரதட்சணை, தனிக்குடித்தனம் என்று எது வந்தாலும் கடைசித் தீர்ப்பு ஒரு ஆண் பெரியவர் வாயிலிருந்துதான் வரும். அது என்னை உறுத்துகிறது.

---

தாமிரபரணி

ஒரு சின்னக் குறுக்கீடு. ரஜினிக்கு அவர் எழுதியவற்றை ஒரு வரிசையில் வைத்துப் பாருங்கள். 'நெற்றிக்கண்' அப்பா மகன் சண்டை. 'நல்லவனுக்கு நல்லவன்' (1984) அப்பா மகள் மனத்தாங்கல். 'மிஸ்டர் பாரத்' (1986) தாயைக் கைவிட்ட அப்பாவை மகன் பழிதீர்ப்பது. பின்னிரண்டும் வேறு மொழிப் படங்களின் மறு ஆக்கம்தான், ஆனால் அந்த வேலைக்கு ஏவி.எம். ஏன் அவரைக் கூப்பிட்டது என்று புரிகிறதல்லவா? வெளியே சண்டைக்காட்சி எத்தனை இருந்தாலும் உள்ளே கனன்றுகொண்டிருப்பது ஒரு வீட்டுச் சண்டை. வீட்டுச் சண்டையில் யார் எந்தச் சொல்லால் அடிப்பார்கள் என்று அவருக்கு அத்துப்படி.

---

சபாக்காரன்

மூன்றாம்வரிசை தம்பி கேட்டதற்குப் பதில் 'சம்சாரம் அது மின்சாரம்' படத்தில் இருக்கிறது. கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள், இதைச் சுருக்க எனக்கு மனமில்லை.

இந்தக் கதையின் பழைய வடிவம் பலருக்குத் தெரியாது. 'உறவுக்குக் கை கொடுப்போம்' என்று மேடையில் இருந்தது. 1975-இல் அதே பெயரில் ஜெமினி கணேசன், சௌகார் ஜானகி நடித்துப் படமாகவும் வந்தது, எடுபடவில்லை. பதினோரு வருஷம் கழித்து அதையே எடுத்துக்கொண்டு ஏவி.எம்.முக்குப் போனார். கதை கனமாக இருக்கிறது, மனோரமாவுக்கு ஒரு பாத்திரம் வேண்டும் என்று தயாரிப்பாளர் சரவணன் சொல்ல, வேலைக்காரி கண்ணம்மா உள்ளே வந்தாள். அவள் சொல்லும் 'கம்முனு கிட'வை எங்கள் தெருவில் அன்றைக்குச் சொல்லாத ஆள் கிடையாது. ஓடாத ஒரு படத்தின் கதையைத் தூக்கிப் போடாமல், எது குறைகிறது என்று பதினோரு வருஷம் மனதில் வைத்திருந்து திரும்ப எழுதியிருக்கிறார். எழுதுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

சரி, படத்துக்கு வருகிறேன். அம்மையப்ப முதலியார் விசு. மனைவி கோதாவரி கமலா காமேஷ். பெரிய மகன் சிதம்பரம் ரகுவரன், அவன் மனைவி உமா லட்சுமி. இரண்டாவது மகன் சந்திரசேகர். மகள் இளவரசி, அவள் கல்யாணம் செய்துகொண்ட வீட்டின் பெரியவர் ஆல்பர்ட் ஃபெர்னாண்டஸ், நடித்தது விசுவின் தம்பி கிஷ்மு. பணக்கணக்கு பேசும் பெரிய மகனுக்கும் அப்பாவுக்கும் முட்டிக்கொண்டு, வீட்டுக்கு நடுவில் கோடு கிழிக்கிற இடம் வரை முதலியார் வருகிறார். கோடு கிழித்த பிறகு அவரால் எதுவும் செய்ய முடியவில்லை. வீறாப்பாகப் பேசுவார், ஆனால் உடைந்ததை ஒட்டவைக்க அவருக்கு வழி தெரியாது.

ஒட்டவைப்பது உமா. பிரசவத்துக்குப் பிறந்த வீடு போய்த் திரும்பி வந்தவள், வீட்டில் கோட்டைப் பார்க்கிறாள். அப்புறம் ஒவ்வொருவருக்கும் ஏற்ற மாதிரி ஒரு வழி யோசித்து, ஒவ்வொரு முடிச்சாக அவிழ்க்கிறாள். மச்சினன் குடும்பம், நாத்தனார் குடும்பம், கடைசியில் தன் கணவன்.

ராதா சொன்ன நாரதர் நாயுடுவின் வேலை இங்கே யார் கையில் இருக்கிறது பார்த்தீர்களா? விசு அதைத் தன் வேடத்திலிருந்து எடுத்து மருமகள் கையில் கொடுத்துவிட்டார். தனக்கு எழுதிக்கொண்டது கையாலாகாத, கோபக்கார, பாசமுள்ள ஒரு குமாஸ்தாவை. நடிகராக அவருடைய சிறந்த வேலை இதுதான் என்று நான் சொல்வேன். கயிறு கையில் இல்லாத விசுவை அதில்தான் பார்க்கிறோம்.

---

ராதா கோவை

சபாக்காரன் ஐயா, படிக்கும்போது கண் கலங்கிவிட்டது. நான் நாயுடுவோடு நின்றுவிட்டேன், நீங்கள் உமா வரை கொண்டுபோய்விட்டீர்கள்.

மூன்றாம்வரிசை அண்ணாவுக்கு இன்னும் ஒன்று. முடிவை நினைத்துப் பாருங்கள். எல்லாம் சரியாகிவிட்டது, கணவன் மன்னிப்புக் கேட்கத் தயார், மறுபடி ஒரே வீட்டில் இருக்கலாம் என்று எல்லோரும் மகிழ்ந்து நிற்கிற நேரத்தில் உமா வேண்டாம் என்கிறாள். ஒருமுறை விரிசல் விட்டது விட்டதுதான், தள்ளி இருந்து வந்து போய், இருக்கிற அன்பைக் காப்பாற்றிக்கொள்வோம் என்கிறாள். 1986-இல், கூட்டுக்குடும்பத்துக்குக் கண்ணீர் விடத்தான் கூட்டம் தியேட்டருக்கு வந்திருந்தது. அந்தக் கூட்டத்தின் முகத்துக்கு நேராக ஒரு மருமகள் இதைச் சொல்கிறாள், மாமனார் வேடத்தில் இருக்கிற எழுத்தாளர் கேட்டுக்கொண்டு நிற்கிறார். கடைசித் தீர்ப்பு ஆண் வாயிலிருந்துதான் வரும் என்றீர்களே, அவருடைய ஆகப் பெரிய வெற்றிப்படத்தில் அது அப்படி வரவில்லை.

மற்றப் படங்களில் நீங்கள் சொன்ன உறுத்தல் எனக்கும் உண்டு. சிலவற்றை இன்று முழுதாகப் பார்க்க முடியவில்லை. அதனாலேயே இந்த ஒன்று எனக்கு இன்னும் பெரிதாகத் தெரிகிறது.

---

தாமிரபரணி

அந்தப் படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது நினைவிருக்கட்டும். நல்ல பொழுதுபோக்கு தரும் ஜனரஞ்சகப் படத்துக்கான தங்கத்தாமரை. தமிழுக்கு அந்தப் பிரிவில் அதுதான் முதல். தெலுங்கில் 'சம்சாரம் ஒக சதரங்கம்', இந்தியில் 'சன்சார்', மலையாளத்தில் 'குடும்ப புராணம்' என்று போனது. கேமரா அசையாத படம் என்று சொல்லலாம். ஆனால் நான்கு மொழிக்காரர்களுக்கும் அது தங்கள் வீடாகத் தெரிந்தது என்றால் எழுத்தில் ஏதோ இருக்கிறது.

அரட்டை அரங்கம் பற்றி யாரும் பேசவில்லையே. அதையும் அவருடைய நடிப்பு வாழ்க்கையோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும் என்பேன். தொண்ணூறுகளில் படங்கள் குறைந்துவிட்டன. 'மன்னன்', 'உழைப்பாளி', 'அருணாசலம்' என்று மற்றவர்கள் படத்தில் குணச்சித்திர வேடம். அந்த நேரத்தில்தான் ஊர் ஊராகப் போய் மக்களைப் பேசவைத்தார். நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் பக்கம் ஒரு படப்பிடிப்புக்கு அப்பா கூட்டிப்போனார். கூட்டத்தில் நசுங்கி நின்று பார்த்தேன். ஒரு பெண் பேச எழுந்து, குரல் உடைந்து, பாதியில் நின்றுவிட்டாள். படபடவென்று பேசுகிற அந்த மனிதர் அப்போது ஒன்றும் பேசவில்லை. அவள் தானாகத் திரும்பப் பேசத் தொடங்கும்வரை அப்படியே இருந்தார். பிறகு ஜெயா டிவியில் மக்கள் அரங்கம் என்று நடத்தினார். வசனம் எழுதுகிறவர்கள் பேச்சில் கெட்டிக்காரர்கள் என்று நினைத்திருந்தேன். கேட்பதில் கெட்டிக்காரர்கள் என்பது அன்றைக்கு அங்கே நின்றபோதுதான் தெரிந்தது.

2020 மார்ச் 22 அவர் இறந்த நாள். நாடு முழுக்க மக்கள் ஊரடங்கு கடைப்பிடித்த அதே ஞாயிறு. அவ்வளவு பேரைப் பேசவைத்தவர் போனபோது தெருவில் சத்தமே இல்லை. இன்றைக்கும் அதை நினைத்தால் மனசு கனக்கிறது.

---

மூன்றாம்வரிசை

நேற்று இரவு 'சம்சாரம் அது மின்சாரம்' முழுதும் பார்த்தேன். சொன்னதில் சிலவற்றைத் திருத்திக்கொள்கிறேன், சிலவற்றை இல்லை.

திருத்துவது: வசனம் அதிகம் என்றேன். அந்த வீட்டில் எல்லோரும் அளவுக்கு மீறிப் பேசுகிறார்கள், ஏனென்றால் அது எல்லோரும் அளவுக்கு மீறிப் பேசுகிற வீடு. அந்தப் பேச்சினால்தான் வீடு உடைகிறது. ரகுவரன் மட்டும் குரலை உயர்த்தாமல் கணக்கு சொல்கிறார், அந்தத் தணிந்த குரல் மற்றவர்கள் கத்தலை விடப் பயமாக இருக்கிறது. வசனம் எழுதுகிறவனுக்கு யார் எப்படிப் பேசுவார்கள் என்பதோடு யார் எப்படிப் பேசமாட்டார்கள் என்பதும் தெரிந்திருக்கிறது. இதை நான் முன்பு கவனிக்கவில்லை.

திருத்தாதது: இதே கதையைக் காட்சி மொழி நன்றாகத் தெரிந்த ஒரு இயக்குநர் எடுத்திருந்தால் இன்னும் உயரத்துக்குப் போயிருக்கும். 'பட்டினப் பிரவேசம்' அதற்குச் சாட்சி. தன் நாடகங்களை வேறொருவர் கையில் கொடுப்பதற்கும் 1981 வரை அவர் தயாராகத்தான் இருந்தார். அதற்குப் பிறகும் கொடுத்திருக்கலாம் என்ற ஆதங்கம் எனக்குப் போகாது.

---

சபாக்காரன்

அந்த ஆதங்கம் எனக்கும் உண்டு தம்பி. வேறு இயக்குநர் எடுத்திருந்தால் முதலியார் வேடத்துக்கும் வேறு பெரிய நடிகர் வந்திருப்பார். அந்த நடிகருக்காக, கடைசியில் உமா பேசுவதை முதலியார் பேசுவதாக மாற்றச் சொல்லியிருப்பார்கள். விசுவே அந்த வேடத்தில் நின்றதால்தான் லட்சுமிக்கு அந்த இடம் கிடைத்தது என்பது என் எண்ணம்.

---

கொல்லைமாமரம்

எல்லோருக்கும் நன்றி. என் கேள்விக்கு விடை கிடைத்தது மட்டும் இல்லை, கேள்வியே வேறு மாதிரி ஆகிவிட்டது.

உங்கள் பதிவுகளை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அம்மா கல்யாணமாகி வந்தது பதினோரு பேர் இருந்த வீட்டுக்கு. 'சம்சாரம் அது மின்சாரம்' படத்தை அப்போது பெரியம்மா, சித்தி, பாட்டி எல்லோரும் சேர்ந்து போய்ப் பார்த்தார்களாம். கோடு கிழிக்கும் இடத்தில் பாட்டி விசும்பி விசும்பி அழுதாராம். உமா பேசும்போது மட்டும் வரிசையில் ஒருவரும் ஒருவரையும் திரும்பிப் பார்க்கவில்லை என்றார் அம்மா. வீட்டுக்கு வந்த பிறகும் அந்தக் காட்சியைப் பற்றி யாரும் பேசவில்லையாம். ஆறு மாதம் கழித்துப் பெரியப்பா தனியாக வீடு பார்த்துக்கொண்டு போனார்.

அடுத்த ஞாயிறு 'மணல் கயிறு' பார்க்கப்போகிறோம். ராதா அக்கா சொன்னதை மனதில் வைத்துக்கொண்டு நாயுடுவைக் கவனிக்க வேண்டும். 'கீழ்வானம் சிவக்கும்' நல்ல பிரதி யாரிடமாவது இருந்தால் சொல்லுங்கள், அம்மாவுக்கு சிவாஜி படம் என்றால் உயிர்.